மெலிந்த ஓட்டோ முதல் கோல்ட்பிங்கர் வரை: ஜேர்மன் நடிகர் கேர்ட் பிரோபேயின் கதை

சினிமா இரசிகரின் நினைவிலே கதாநாயகனது பெயர் நிலைக்கின்றது. குணசித்திர நடிகனது முகம் மட்டுமே நிலைக்கின்றது. "அந்தப் படத்தில் வந்த பருத்த மனிதன்" என்று நாம் பேசிக்கொள்வோமேயன்றி, அவன் பெயர் யாது, அவன் கடந்துவந்த பாதை யாது என்று வினவுவதில்லை.

1964ஆம் ஆண்டு வெளிவந்த "கோல்ட்பிங்கர்" என்னும் ஜேம்ஸ் பொண்ட் படத்தைப் பார்த்த நேயர்கள், பொன்மீது பித்துக்கொண்டு அமெரிக்க அரசின் தங்கக் களஞ்சியத்தையே பாழாக்கத் துணிந்த செந்தலை மனிதனை மறந்திருக்கமாட்டார்கள். அப்பாத்திரத்தை ஏற்றவர் கேர்ட் பிரோபே என்னும் ஜேர்மானியர். அதற்குப் பதினாறு ஆண்டுகளுக்கு முன்னர் அவர் எலும்புந் தோலுமாய்த் திரையில் தோன்றித் தம் நாட்டுப் பாமரனுக்கு ஒரு பெயரையே ஈந்தவர் என்பதை ஜேர்மனிக்கு வெளியே அறிந்தோர் சிலர். புகழின் உச்சியிலே நின்றபோது, மறைந்துபோன ஒரு காலம் எழுந்து வந்து அவரைக் கேள்வி கேட்டது என்பதை அறிந்தோர் அதனினும் சிலர். அவ்வரலாற்றை இங்கு நோக்குவோம்.

செந்தலை வயலின்காரன்

ஜேர்மனியின் சக்சனி மாநிலத்திலே சுவிக்காவ் என்றொரு தொழில் நகரம் உண்டு. இசைமேதை றொபேர்ட் சூமான் 1810ஆம் ஆண்டில் பிறந்ததும் அந்நகரிலேதான். அதனை அடுத்த ஓபர்பிளானிற்ஸ் என்னும் ஊரில் 1913ஆம் ஆண்டு பெப்ரவரி மாதம் 25ஆந் திகதி பிரோபே பிறந்தார். இளமையில் அவரை ஆட்கொண்டது வயலின். சிவந்த தலைமயிரும் கையில் வயலினுமாகத் திரிந்த அவரைச் "சுவிக்காவின் செந்தலை வயலின்காரன்" என்று ஊரார் அழைத்தனர்.

ஆயினும் அவர் நாடிச் சென்றது நாடக மேடையை. டிரெஸ்டன் நகரின் அரச நாடக மன்றத்திலே அவர் முதலிற் பெற்ற வேலை நடிப்பன்று; மேடைத் திரைகளுக்கு வர்ணந் தீட்டும் வேலை. திரைக்குப் பின்னால் தூரிகையுடன் நின்ற அவ்விளைஞரைத் திரைக்கு முன்னால் வரச்செய்தவர், அக்காலத்துப் பெருநடிகர்களுள் ஒருவரான எறிக் பொன்ரோ. 1928ஆம் ஆண்டு பேர்லினில் பேர்ட்டோல்ட் பிறெக்டின் "மூன்று காசு இசைநாடகம்" முதன்முதலாக அரங்கேறியபோது, பிச்சைக்காரர் கூட்டத்தின் முதலாளியான பீச்சம் என்னும் பாத்திரத்தை ஏற்றவர் அப்பெரியாரே. முப்பத்தைந்து ஆண்டுகளின் பின், 1963ஆம் ஆண்டில், அதே கதையை வொல்ப்காங் ஸ்ரவுட்டே திரைப்படமாக வெளியிட்டபோது பீச்சமாக நடித்தவர் பிரோபே. குருவின் வேடம் சீடனை வந்தடைந்தது.

பொன்ரோவிடம் பயின்றபின், வூப்பர்ட்டால், பிராங்பேர்ட் ஆகிய நகரங்களின் அரங்குகளிலும், 1939 முதல் வியன்னா நகரின் மக்கள் நாடக அரங்கிலும் பிரோபே நடித்து வந்தார். 1944ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதத்துடன் நாட்டின் நாடக அரங்குகள் அனைத்தையும் மூடுமாறு நாஸி அரசு கட்டளையிட்டது. நடிகர் பலர் போருடை தரித்தனர். பிரோபேயும் படைக்கு அழைக்கப்பட்டார். இவ்வாண்டுகளைப் பற்றிய இன்னொரு செய்தியும் உண்டு. அதனை உரிய இடத்திலே கூறுவோம்.

கூப்பன் ஈந்த பெயர்

போர் முடிந்தபோது ஜேர்மனியின் பெருநகரங்கள் கல்லும் மண்ணுமாய்க் கிடந்தன. உணவு பங்கீட்டு அட்டைக்கே கிடைத்தது. நம்மவர் வழக்கிற் கூறுவதாயின் கூப்பனுக்கே கிடைத்தது. கடும் உழைப்பாளிகள் போன்றோருக்கு மேலதிகப் பங்கு உண்டு. எவ்வகை மேலதிகமும் பெறாத சாதாரண மனிதனை அதிகாரிகள் "நோர்மல்பெர்பிறவுகர்" என்று வகுத்தனர். "சாதாரண நுகர்வோன்" என்பது அதன் பொருள்.

அந்நாட்களில் ஜேர்மன் திரைப்படக்காரருக்கு அரங்கம் அமைக்கும் செலவு இருக்கவில்லை. இடிந்த தெருக்களே அவர்களுக்குக் காட்சிக்கூடமாயின. 1946ஆம் ஆண்டில் ஸ்ரவுட்டே எடுத்த "கொலைஞர் நம்மிடையே உளர்" என்னும் படத்துடன் தொடங்கிய இவ்வகைப் படங்களை "இடிபாட்டுப் படங்கள்" என்று வழங்குவர். பெரும்பாலானவை துயரந் தோய்ந்தவை. 1948ஆம் ஆண்டின் இறுதி நாளன்று வெளிவந்த "பேர்லின் கதைப்பாடல்" என்னும் படமோ அத்துயரத்தை நகைச்சுவையாக்கியது. கதை வசனம் கியூன்ரர் நொய்மன். நெறியாள்கை றொபேர்ட் ஸ்ரெம்லே. 2048ஆம் ஆண்டிலிருந்து நூறாண்டுகள் பின்னோக்கிப் பார்ப்பதாக அமைந்தது கதை.

அதன் நாயகன் ஓட்டோ. போர்க்களத்திலிருந்து மீண்டு வருகின்றான். தன் வீட்டிலே வேற்று மனிதர் குடியிருக்கக் காண்கின்றான். கறுப்புச் சந்தைக்காரரும், அதிகாரிகளும், அரசியல்வாதிகளும் அவனை இங்குமங்கும் உருட்டுகின்றனர். கண்களை மூடினால் அவன் கனவிலே வருவன கேக்குகளே. அவனுக்கு இட்ட முழுப்பெயர் "ஓட்டோ நோர்மல்பெர்பிறவுகர்". கூப்பன் அட்டையிலிருந்த அதிகாரச் சொல்லையே குடும்பப் பெயராக்கி விட்டனர்!

ஓட்டோவாக நடித்தவர் முப்பத்தைந்து வயதுப் பிரோபே. ஒடுங்கிய கன்னங்களும், தொளதொளவென்று தொங்கும் உடையுமாக அவர் திரையில் நடந்தபோது, அது ஒப்பனையன்று என்பதைப் பார்த்தவர் யாவரும் அறிந்திருந்தனர். அவர்களும் அவ்வாறே மெலிந்திருந்தார்கள். அவ்வாண்டு ஜூன் 24 முதல் பேர்லினின் மேற்குப் பகுதி சோவியத் படைகளின் முற்றுகைக்குள் இருந்தது. மாவும் நிலக்கரியும் விமானங்களிலேயே வந்திறங்கின. பசியோடிருந்த மக்கள் பசித்தவன் ஒருவனைக் கண்டு சிரித்தார்கள். அது தம்மைத் தாமே கண்டு சிரித்த சிரிப்பு.

படம் பழையதாகிப் போயிற்று, பெயர் பழையதாகவில்லை. சராசரிக் குடிமகனைக் குறிக்க ஜேர்மானியர் இன்றும் "ஓட்டோ நோர்மல்பெர்பிறவுகர்" என்றே கூறுகின்றனர். அகராதியிலும் அச்சொல் ஏறிவிட்டது. நடிகன் ஒருவனுக்கு இதனினும் பெரிய சின்னம் கிடைப்பதரிது.

பருத்த காலமும் பருத்த மனிதரும்

இத்தகைய வெற்றியின் பின் வாய்ப்புகள் வந்து குவிந்திருக்கும் என்று நாம் எண்ணுவோம். நடந்ததோ வேறு. 1948ஆம் ஆண்டு ஜூன் மாதத்து நாணயச் சீர்திருத்தத்தின் பின் மேற்கு ஜேர்மனியின் கடைகள் நிரம்பத் தொடங்கின. மக்கள் இடிபாடுகளைத் திரையிற் காண விரும்பவில்லை. மலைச்சாரல், பூத்த புல்வெளி, பாட்டு, கலியாணம் என்று நிறைந்த "தாயக மண்" படங்களுக்கே கூட்டம் சேர்ந்தது. 1950ஆம் ஆண்டின் "கருங்காட்டுப் பெண்", 1951ஆம் ஆண்டின் "பசுமை நிறைந்த புற்றரை" ஆகியன அவ்வகையைச் சேர்ந்தவை. மெலிந்த ஓட்டோவுக்கு அங்கு இடமில்லை.

பிரோபே சிறு வேடங்களை ஏற்று வாழ்ந்தார். மேடையிலே கிறிஸ்ரியன் மோர்கன்ஸ்ரேனின் விநோதக் கவிதைகளை அபிநயத்துடன் சொல்லி மக்களை மகிழ்வித்தார். அக்கலையை அவர் பிற்காலத்திலும் கைவிடவில்லை. 1955ஆம் ஆண்டில் ஓர்சன் வெல்ஸின் "திருவாளர் அர்க்காடின்" படத்திலும், பிரெஞ்சுப் படங்களிலும் அவர் முகம் தென்பட்டது.

இதற்கிடையிலே நாடு பருத்தது; பிரோபேயும் பருத்தார். ஒட்டிய கன்னங்கள் உப்பின, கழுத்து தடித்தது, தோள்கள் அகன்றன. 1950ஆம் ஆண்டுகளின் ஜேர்மன் பணக்காரனைச் சித்திரிக்க இவரினும் பொருத்தமான உருவம் வேறில்லை என்பதை நெறியாளர்கள் கண்டுகொண்டனர். 1957ஆம் ஆண்டு பிராங்பேர்ட் நகரிலே விலைமாது ஒருத்தி கொலையுண்ட வழக்கை அடியொற்றி, மறு ஆண்டே றொல்ப் தீல "றோஸ்மேரி என்னும் பெண்" என்ற படத்தை எடுத்தார். அதில் வரும் கைத்தொழில் அதிபர்களுள் ஒருவராகப் பிரோபே தோன்றினார். நாட்டின் புதுப்பணக்காரரை இவ்வளவு இகழ்ந்த படம் வெனிஸ் திரைப்பட விழாவிற்குச் செல்லலாகாதென்று ஜேர்மன் வெளிநாட்டமைச்சு எதிர்ப்புத் தெரிவித்தது.

பத்து ஆண்டுகளுக்கு முன் கேக்கைக் கனவிற் கண்ட மனிதனின் உடலே, இப்போது கேக்கை உண்டு தெவிட்டிய மனிதனின் உடலாயிற்று. ஒரு நாட்டின் பத்தாண்டு வரலாற்றை ஒரே உடலில் கண்டோர் ஜேர்மன் இரசிகர்.

சொக்கலேற் கொடுத்த இராட்சதன்

அதே 1958ஆம் ஆண்டில்தான் அவருடைய மிகச் சிறந்த பாத்திரம் வந்து சேர்ந்தது. சுவிற்சர்லாந்து எழுத்தாளர் பிரீட்றிக் டியூறென்மாற் எழுதி, லடிஸ்லாவோ வாய்டா நெறிப்படுத்திய "பட்டப்பகலில் நடந்தது" என்னும் படம் அது.

காட்டிலே ஒரு சிறுமி கொலையுண்டு கிடக்கின்றாள். அவளுடைய தாய்க்குக் கொலைகாரனைப் பிடிப்பதாகப் பொலிஸ் அதிகாரி மத்தேயி வாக்களிக்கின்றார். ஒரு நடைவியாபாரிமீது பழி விழுகின்றது. விசாரணையிலே துவண்ட அவன் குற்றத்தை ஏற்றுக்கொண்டு தூக்கிட்டு மாள்கின்றான். வழக்கு முடிந்ததென்று யாவரும் நிம்மதியடைய, மத்தேயி மட்டும் நம்பவில்லை. இறந்த சிறுமி பள்ளியிலே வரைந்த படமொன்றில் ஓர் இராட்சதனும், கறுப்பு மோட்டார் காரும், சின்னஞ்சிறு முள்ளம்பன்றிகளும் இருந்தன. அந்த முள்ளம்பன்றிகள் உண்மையில் சொக்கலேற்றுகள். அந்த இராட்சதனே பிரோபே.

படத்தின் பிற்பகுதியிலேயே அவர் வருகின்றார். வந்தவுடன் நாம் காண்பது இராட்சதனையன்று. செல்வச் செருக்குடைய மனைவியின் ஏச்சைக் கேட்டுத் தலைகுனிந்து நிற்கும் ஒரு பெருத்த, கூச்சமுள்ள கணவனையே காண்கின்றோம். அவன்பால் இரக்கங்கூடப் பிறக்கின்றது. பின்னர் அவன் காட்டுக்குள்ளே குழந்தையின் முன்னிலையில் கையிலே பாவையை மாட்டி வித்தை காட்டிச் சிரிக்கும்போது நமக்கு உடல் நடுங்குகின்றது. பயங்கரமான முகத்தோடு பயமுறுத்துவது எளிது. அயல்வீட்டுக்காரனைப் போன்ற முகத்தோடு பயமுறுத்துவதே அரிய கலை.

நாயகனாக நடித்த ஹைன்ஸ் றியூமான் நாடறிந்த நகைச்சுவை நடிகர். ஆயினும் படம் முடிந்து வெளியே வந்தோரின் நெஞ்சைவிட்டு அகலாதவர் பிரோபேதான். போர் முடிந்து பதின்மூன்று ஆண்டுகளே கழிந்திருந்தன. நல்ல உடையும் நல்ல காரும் உடைய சாதுவான மனிதனுக்குள்ளே கொலைகாரன் ஒளிந்திருக்கலாம் என்ற எண்ணம், ஜேர்மன் மொழி பேசும் மக்களுக்கு வெறுங் கதையாகத் தோன்றியிராது. டியூறென்மாற்றுக்கோ படத்தின் முடிவு திருப்தியளிக்கவில்லை. திரையிலே குற்றவாளி அகப்படுகின்றான். அதன்பின் அவர் எழுதிய "வாக்குறுதி" என்னும் நாவலிலே குற்றவாளி வழியில் விபத்தில் மாள்கின்றான். இதனை அறியாத மத்தேயி ஆண்டாண்டாய்க் காத்திருந்து அழிகின்றார்.

குரல் வேறொருவருடையது

இதன் பின் பிரோபேக்கு ஓய்வில்லை. அமெரிக்காவிலிருந்து திரும்பி வந்திருந்த பெருநெறியாளர் பிறிற்ஸ் லாங், 1960ஆம் ஆண்டில் தமது கடைசிப் படமாகிய "டொக்டர் மபூசேயின் ஆயிரம் கண்கள்" படத்தில் அவரைத் துப்பறியும் அதிகாரியாக்கினார். 1962ஆம் ஆண்டின் "மிக நீண்ட நாள்" என்னும் போர்ப்படத்திலே, கோப்பிப் பாத்திரங்களுடன் குதிரைமீது ஆடியசைந்து செல்லும் படைவீரராகச் சில நிமிடங்களே தோன்றி நம்மைச் சிரிக்க வைத்தார்.

"பட்டப்பகலில் நடந்தது" படத்தின் கொலைகாரனே ஜேம்ஸ் பொண்ட் படத் தயாரிப்பாளரின் கண்களை ஈர்த்தான். கோல்ட்பிங்கர் வேடம் பிரோபேக்குக் கிட்டியது. ஒரேயொரு குறை, அவருக்கு ஆங்கிலம் வராது. வசனங்களை ஒலியளவில் மனனஞ் செய்து அவர் உதடசைக்க, மைக்கல் கொலின்ஸ் என்னும் ஆங்கில நடிகர் பின்னர் குரல் கொடுத்தார். உலகமெங்கும் பேர்பெற்ற அவ்வில்லனின் உடல் ஒருவருடையது, குரல் மற்றொருவருடையது. ஜேர்மன் மொழிப் பிரதியிலே மட்டும் பிரோபே தம் சொந்தக் குரலில் பேசினார்.

"அந்நாட்களில் நீர் யார்?"

புகழ் வந்தது, அதன் பின்னால் வினாவும் வந்தது. 1965ஆம் ஆண்டில் இலண்டன் பத்திரிகையொன்று பிரோபேயுடன் நிகழ்த்திய பேட்டியை வெளியிட்டது. தாம் நாஸிக் கட்சியைச் சேர்ந்திருந்ததாக அவர் கூறிய செய்தி அதில் இருந்தது. தாம் சொன்னது திரித்துக் கூறப்பட்டதென்றும், கட்சி உறுப்பினராயிருந்தபோதிலும் யூதர் இருவருக்கு உதவும் பேறு தமக்குக் கிட்டிற்று என்றே தாம் கூறியதாகவும் பிரோபே விளக்கினார். ஆனால் செய்தி உலகைச் சுற்றி வந்துவிட்டது. அவருடைய படங்களை இஸ்ரேல் தடைசெய்தது.

உண்மை யாது? 1929ஆம் ஆண்டில், ஹிட்லர் ஆட்சியேறுவதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்னர், பதினாறு வயதிலே பிரோபே அக்கட்சியிற் சேர்ந்தார். 1937ஆம் ஆண்டில் அதனை விட்டு விலகினார். எட்டு ஆண்டுகள். இளமையின் அறியாமை என்று முழுவதையும் தள்ளிவிடுதற்கு அது நீண்ட காலம். விலகியதை ஒன்றுமில்லையென்று தள்ளிவிடுதற்கும் இயலாது.

அவ்வேளையிலே வியன்னாவிலிருந்த இஸ்ரேல் தூதரகத்தை யூதர் ஒருவர் அணுகினார். போர்க் காலத்திலே தம்மையும் தம் தாயாரையும் மறைத்து வைத்துக் காத்தவர் பிரோபேயே என்று அவர் சாட்சியம் அளித்தார். தடை நீக்கப்பட்டது.

இங்கு நாம் சற்று நின்று சிந்தித்தல் வேண்டும். போருக்குப் பிந்திய ஜேர்மன் சினிமாவிலே, நாஸி ஆட்சியின்கீழ் தொழில் புரிந்த நடிகரும் நெறியாளரும் பலர் இருந்தனர். "அந்நாட்களில் நீர் யார்?" என்று அவர்களிற் பெரும்பாலோரை எவரும் கேட்கவில்லை, அவர்களும் கூறவில்லை. பிரோபே கேட்கப்பட்டார், காரணம், உலகறிந்த வில்லனின் முகம் அவருடையது. வேடத்துக்கும் மனிதனுக்கும் இடையிலுள்ள கோடு அழிந்த அந்நேரத்தில், அவரது சொந்த வாய்மொழி அவரைக் காக்கவில்லை. இருபது ஆண்டுகளுக்கு முன் கைம்மாறு கருதாது செய்த உதவியே சாட்சியாய் வந்து நின்றது.

அறிந்தோ அறியாமலோ, அவர் ஏற்ற அடுத்த பெரும் பாத்திரமும் அதே வினாவையே எழுப்பியது. 1966ஆம் ஆண்டில் றெனே கிளெமோன் எடுத்த "பாரிஸ் எரிகின்றதா?" என்னும் படத்தில் அவர் தளபதி கொல்ரிற்ஸாக நடித்தார். பாரிஸ் நகரைப் பாழாக்குமாறு ஹிட்லரிடமிருந்து கட்டளை பெற்றும், 1944ஆம் ஆண்டு ஓகஸ்ற் 25ஆந் திகதி நகரைப் பெரும்பாலும் சேதமின்றிக் கையளித்துச் சரணடைந்தவர் அத்தளபதி. மனச்சாட்சிக்குப் பணிந்தாரா, தோல்வி உறுதியானதைக் கண்டு பணிந்தாரா என்று வரலாற்றாசிரியர் இன்றும் வாதிடுவர். பிரோபே அவரைத் தியாகியாகவும் காட்டவில்லை, கொடியவராகவும் காட்டவில்லை. களைத்த முகமும் கனத்த உடலுமாய், கட்டளைக்கும் மனத்துக்கும் இடையில் அகப்பட்ட மனிதராகவே காட்டினார்.

குழந்தைகளின் திருடன்

பின்னாளில் குழந்தைகள் அவரைக் கண்டு சிரித்தார்கள். 1965ஆம் ஆண்டின் விமானப் பந்தய நகைச்சுவைப் படத்திலே, விதிநூலைப் பார்த்து விமானமோட்டும் ஜேர்மன் கேணலாக வந்தார். 1968ஆம் ஆண்டின் "சிற்றி சிற்றி பாங் பாங்" படத்திலே, குழந்தைகளுக்கு இடமில்லாத நாடொன்றின் அசட்டுக் கோமானாக வந்தார். கோல்ட்பிங்கரைப் படைத்த இயன் பிளெமிங்கே அக்கதையையும் எழுதியவர். 1974ஆம் ஆண்டில், ஜேர்மன் சிறுவர் யாவரும் அறிந்த ஓட்பிறீட் பிறொய்ஸ்லரின் கதையிலே பாட்டியின் கோப்பி அரைக்கும் எந்திரத்தைக் களவெடுக்கும் ஹொட்சென்பிளொட்ஸ் என்னும் திருடனாக நடித்தார். 1958இல் குழந்தையை வசப்படுத்தப் பாவையாட்டிய அதே கைகள், இப்போது பாவைக்கூத்துக் கதையொன்றின் திருடனுக்கு உயிர் கொடுத்தன. இடையிலே விஸ்கொன்ரி, பேர்க்மன் ஆகிய மேதைகளின் படங்களிலும் அவர் நடித்தார்.

1988ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் 5ஆந் திகதி மியூனிக் நகரில், எழுபத்தைந்தாவது வயதிலே பிரோபே காலமானார். அந்நகருக்கு அண்மையிலுள்ள இக்கிங் என்னும் ஊரில் அவர் அடக்கஞ் செய்யப்பட்டார்.

நடிகன் பகலில் அரசனாவான், இரவில் ஆண்டியாவான். ஒப்பனையைக் கழுவியதும் இரண்டும் போய்விடும். கழுவினாற் போகாதவை அவன் தன் பெயரிலே செய்தவை. பதினாறு வயதில் இட்ட கையெழுத்து பிரோபேயின் கணக்கில் இருக்கின்றது. ஒரு தாயையும் மகனையும் மறைத்துக் காத்த நாட்களும் அதே கணக்கில் இருக்கின்றன. ஒன்றைச் சொல்லி மற்றதை மறைப்போர் அவர் வரலாற்றை முழுமையாகச் சொன்னவராகார். இனியொருமுறை அந்தப் பருத்த வில்லனைத் திரையிற் காணும் நேயர்கள், அவனுள்ளே பசித்து மெலிந்த ஓட்டோவும் நிற்பதை நினைவுகொள்வார்களாயின், அக்கலைஞருக்கு நாம் செலுத்தும் மரியாதை அதுவேயாகும்.